கேமராவுக்கு முன்னால் ஆனா ஆவன்னா

தொடக்கப் பள்ளியில் முதல் வகுப்புக்கு ஆனா ஆவன்னா சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்த என்னை, கொரோனா காலத்தில் டிவியில் பாடம் எடுக்கக் கூப்பிட்டார்கள். பள்ளிக்கூடங்கள் மூடிக் கிடந்தன. புதுக்கோட்டையில் ஒரு கட்டடத்தின் மாடியறையில், சன்னல்களைப் போர்வையால் மறைத்து, சத்தம் பதிவாகும் என்று ஃபேனையும் அணைத்துவிட்டுப் படம் பிடித்தார்கள். கேமராவுக்குப் பின்னால் இருந்த இரண்டு பேரும் இருமக்கூட மாட்டார்கள்.

எத்தனையோ வருடம் பாடம் நடத்தியவள்தான். ஆனாலும் முதல் நாள் தடுமாறிவிட்டேன். வகுப்பில் ஒரு கேள்வி கேட்டால் நாலு பிள்ளைகள் எழுந்து நிற்கும், ஒன்று பாத்ரூம் போகணும் என்று விரலைக் காட்டும், இன்னொன்று பக்கத்துப் பிள்ளை கிள்ளிவிட்டது என்று அழும். இங்கே நானே கேட்டு, கேமராவைப் பார்த்துச் சிரித்து, கொஞ்சம் காத்திருந்து, “சரியாச் சொன்னீங்க” என்று நானே சொல்ல வேண்டும்.

வீட்டிலும் ஆள் இல்லை. கணவர் சிங்கப்பூரில் மாட்டிக்கொண்டிருந்தார். மகன் பெங்களூரில். பாடம் ஒளிபரப்பாகும்போது நான் மட்டும் உட்கார்ந்து என்னையே பார்ப்பேன். டிவியில் இருந்தவள் என்னைவிடச் சந்தோஷமாக இருந்தாள்.

பஸ் ஓடத் தொடங்கிய பிறகு, ஒருநாள் படப்பிடிப்பு முடிந்து கந்தர்வக்கோட்டை பஸ்ஸில் வந்துகொண்டிருந்தேன். முகக்கவசம் போட்டிருந்தேன். பக்கத்தில் ஓர் அம்மா, மடியில் ஐந்தாறு வயதுப் பெண் பிள்ளை. பிள்ளையின் கையிலிருந்த செல்போனில் என் குரல் கேட்டது.

“ஆவன்னால ஆரம்பிக்கிற ஒரு சொல் சொல்லுங்க பார்ப்போம்.”

“ஆத்தா,” என்றது பிள்ளை, பஸ் முழுக்கக் கேட்கும்படி.

செல்போனில் நான் சிரித்தேன். “ஆடு. சரியாச் சொன்னீங்க.”

பிள்ளையின் முகம் வாடிவிட்டது. “நான் ஆத்தான்னுல்ல சொன்னேன். டீச்சருக்குக் காது கேக்கலம்மா.”

“அது எப்பவோ எடுத்ததுடி. அவுகளுக்கு எப்புடிக் கேக்கும்?” என்றாள் அம்மா.

எனக்குத் தாங்கவில்லை. “எனக்குக் கேட்டுச்சு பாப்பா. ஆத்தாவும் சரிதான்,” என்றேன்.

பிள்ளை என்னை ஏற இறங்கப் பார்த்தது. “ஒங்களுக்குக் கேட்டு என்ன செய்ய? டீச்சருக்குல்ல கேக்கணும்.”

“தப்பா எடுத்துக்கிறாதீங்க,” என்றாள் அம்மா. “இவ அப்பா திருப்பூர்ல இருக்காக. நாங்க ரெண்டு பேருந்தான் வீட்டுல கெடக்கோம். போன்ல யாரு பேசுனாலும் இது பதில் சொல்லிக்கிட்டே இருக்கும்.”

முகக்கவசத்தை இறக்கி, நான்தான் அந்த டீச்சர் என்று சொல்லியிருக்கலாம். கை காதுவரை போனது. அதற்குள் அவர்கள் இறங்க வேண்டிய ஊர் வந்துவிட்டது.

அடுத்த படப்பிடிப்பில் “சரியாச் சொன்னீங்க” என்பதை விட்டுவிட்டேன். “நீங்க சொல்றது எனக்குக் கேக்காது. பக்கத்துல இருக்கவங்ககிட்ட சத்தமாச் சொல்லுங்க” என்றேன். தயாரிப்பாளர் தயங்கினார்.

“கேக்காதுன்னு நாமளே சொல்லலாமா மேடம்?”

“கேக்கலதானே சார்.”

அவர் இருக்கட்டும் என்றார். அப்படியே ஒளிபரப்பானது.

பள்ளிகள் திறந்த பிறகும் என்னை டிவி வேலையிலேயே வைத்துக்கொண்டார்கள். இப்போது நல்ல அறை, ஏசி, வெளிச்சத்தம் உள்ளே வராத சுவர்கள். பாடம் முடிந்து கீழே இறங்கி வந்து பார்த்தால், சில நாள் தெருவெல்லாம் நனைந்து கிடக்கிறது. மழை பெய்ததே தெரிந்திருக்காது. சேலையைக் கொஞ்சம் தூக்கிப் பிடித்துக்கொண்டு பஸ் ஸ்டாண்டுக்கு நடக்கிறேன்.