அண்ணன் பெயரில் ரசீது

மரத்தைத் தட்டிப் பார்த்தே உளுத்ததா என்று சொல்லிவிடும் தச்சர், அண்ணனிடம் கோட்டைவிட்டார். அண்ணனின் மனையைக் காசு கொடுத்து வாங்கி வீடு கட்டியவர், பத்திரத்தை மட்டும் மாற்றவில்லை.

"கூடப் பொறந்தவர்கிட்டப் போய் கையெழுத்துக் கேட்டா, அப்புறம் அவர் மூஞ்சில எப்படி முழிக்கிறது?" என்று மனைவியின் வாயை அடைத்துவிட்டார். வீட்டு வரியைக்கூட அண்ணன் பெயரிலேயே கட்டிவந்தார்.

அண்ணனின் கடை வரிப் பாக்கிக்காக அந்த வீட்டை ஜப்தி செய்ய அதிகாரி அண்ணனையும் கூட்டிக்கொண்டு வந்தார். தச்சர் ரசீதுக் கட்டைப் பெருமையாக நீட்டினார்.

"எல்லாம் உங்க அண்ணன் பேர்லதானே இருக்கு. வீடு அவரோடதுன்னு நீங்களே சாட்சி சொல்றீங்க."

தச்சர் அண்ணனைப் பார்த்தார். அண்ணன் தொண்டையைச் செருமிக்கொண்டு அதிகாரியிடம் சொன்னார்:

"தம்பியாச்சேன்னு வாடகைகூட வாங்காம குடி வெச்சிருந்தேன் சார்."