டூப்பு மாப்பிள்ளை

சினிமாவில் பத்து வருஷம் விழுந்தேன். குதிரையிலிருந்து, மாடியிலிருந்து, ஓடுகிற ரயிலிலிருந்து. ஸ்ரீரங்கத்தில் பிறந்து, காவிரிப் பாலத்திலிருந்து தலைகீழாகக் குதித்துப் பழகியவனுக்கு இதெல்லாம் ஒரு விஷயமா? விழுவது நான், எழுந்து கதாநாயகியின் கையைப் பிடிப்பது கதாநாயகன். அதுதான் ஏற்பாடு.

ஒரு முறை குதிரை தள்ளிவிட்டதில் என் இடது தோள் இறங்கி, சரியாகச் சேராமலே போயிற்று. அதிலிருந்து எப்போது எழுந்து நின்றாலும் அந்தத் தோளை ஒரு உலுக்கு உலுக்குவேன். அப்போதுதான் கை சொன்ன பேச்சைக் கேட்கும்.

துறையூருக்குப் பெண் பார்க்கப் போனோம். பையன் சினிமாவில் இருக்கிறான் என்று தரகர் சொல்லிவைத்திருந்தார். பெண் வந்து காபி வைத்துவிட்டுப் போனாள். தலை நிமிரவே இல்லை. எனக்கோ பார்த்த மாத்திரத்தில் பிடித்துவிட்டது. கட்டினால் இவளைத்தான் என்று காபி ஆறுவதற்குள் முடிவு செய்துவிட்டேன்.

"தம்பிக்கு சினிமாவுல என்ன வேலைங்க?" என்று பெண்ணின் அப்பா கேட்டார்.

என் அண்ணனுக்கு வாயில் சனி. "டூப்புங்க" என்றார்.

பெரியவர் முகம் சுருங்கிவிட்டது. எங்கள் பக்கம் டூப்பு என்றால் புளுகு. "சினிமான்னு சொன்னதே டூப்பா? அப்ப நெசமா என்னதான் பண்றாரு?"

"ஹீரோ குதிக்கிற இடத்துல அவருக்குப் பதிலா நான் குதிப்பேங்க. மூஞ்சி தெரியாது" என்றேன். விளக்க விளக்க அவருக்குச் சந்தேகம் கூடியது. மூஞ்சி தெரியாத நடிகனை யார் நம்புவார்?

"சரி, போயிட்டு வாங்க. தகவல் சொல்றோம்" என்றார். அதற்கு என்ன அர்த்தம் என்று ஊருக்கே தெரியும். எழுந்து, தோளை உலுக்கிக்கொண்டு வாசலைப் பார்க்க நடந்தேன். சே, என்ன அவமானம்!

ஆனால் விடுவேனா? அப்போது நான் குதித்த படமொன்று திருச்சியில் ஓடிக்கொண்டிருந்தது. குடும்பத்தோடு வந்து பாருங்கள் என்று கெஞ்சாத குறையாக அழைத்தேன். ஞாயிற்றுக்கிழமை மாட்னிக்கு வந்தார்கள். பெண்கள் ஒரு பக்கம், பெரியவரும் நானும் ஒரு பக்கம்.

ரயில் கூரையிலிருந்து கதாநாயகன் குதித்தார். "அது நாந்தாங்க" என்றேன்.

"சும்மா இருங்க தம்பி. அது ஹீரோல்ல?" என்றார் பெரியவர்.

எனக்கு அழுகையே வந்துவிட்டது. போச்சு, அவ்வளவுதான் என்று நினைத்தேன். வழக்கமாக நான் விழுந்ததுமே காட்சியை வெட்டிவிடுவார்கள். நல்லவேளை, அந்தப் படத்தில் வெட்டவில்லை. திரையில் முதுகைக் காட்டியபடி புழுதியிலிருந்து எழுந்தேன். இடது தோளை ஒரு உலுக்கு உலுக்கினேன்.

"அப்பா! அது அவருதாம்ப்பா!" என்று பெண்கள் பக்கத்திலிருந்து ஒரு குரல்.

கொட்டகையே திரும்பிப் பார்த்தது. தலை நிமிராத மகராசி எழுந்தே நின்றுவிட்டாள்.

இடைவேளையில் பெரியவர் மகளைக் கேட்டார்: "உனக்கு எப்படிம்மா தெரியும்? அன்னிக்கு நீ அவரு மூஞ்சியைக்கூடப் பாக்கலையே?"

"கதவுக்குப் பின்னாடி நின்னு, அவரு திரும்பிப் போறப்ப பாத்தேம்ப்பா."

பெரியவர் நேரே கடைக்குப் போனார். ஒரு சோடாவை உடைக்கச் சொல்லி என் கையில் கொடுத்தார். "குடிங்க, மாப்பிள்ளை" என்றார்.

பிற்பாடு முகம் தெரிகிற வேஷங்களும் கிடைத்தன. ரவுடி, லாரி டிரைவர், ஒரே ஒரு தடவை போலீஸ்காரர். முதல் தடவை என் முகம் திரை முழுக்க வந்தபோது, பக்கத்தில் உட்கார்ந்திருந்தவளைப் பெருமையோடு பார்த்தேன்.

"கொஞ்சம் திரும்பி நின்னிருக்கலாம்ல" என்றாள். "நான் சரின்னு சொன்னது அந்த முதுகுக்குத்தான்."