எதுக்கும் இருக்கட்டும் என்று வைத்த கோப்பு

என் கணவருடைய தோள்பையில் எப்போதும் இரண்டு குடைகள் இருக்கும். ஒன்று அவருக்கு. இன்னொன்று, நான் மறந்துவிட்டு வருவேன் என்று அவருக்கு இருக்கும் நம்பிக்கைக்கு. என் கைப்பையைத் திறந்தாலும் இதே கதைதான். நான் வைக்காத ஸ்பூன், நான் வைக்காத தலைவலி மாத்திரை, வீட்டுச் சாவிக்கு இன்னொரு பிரதி எல்லாம் உள்ளே கிடக்கும். கேட்டால் "எதுக்கும் இருக்கட்டும்" என்பார். கல்யாணமான புதிதில் எனக்கு இது பிடித்திருந்தது. அப்புறம் சிரிப்பு வந்தது. அப்புறம் பழகிப்போய்விட்டது.

கழக்கூட்டம் ஐ.டி. பார்க்கில் ஒரே கம்பெனியில்தான் இருவருக்கும் வேலை. மகள் பிறந்ததும் நான் வேலையை விட்டேன். அவள் பிளேஸ்கூலுக்குப் போகத் தொடங்கியதும் அதே கம்பெனி என்னைத் திரும்பவும் எடுத்துக்கொண்டது, ஆனால் ப்ரொபேஷனில். காலேஜ் முடித்த கையோடு வந்த பிள்ளைகளுக்கு நடுவே எனக்கும் ஒரு நாற்காலி. முன்பு இதே கட்டடத்தில் நான் சொல்லிக்கொடுத்து நாலு பேர் வேலை கற்றிருக்கிறார்கள். ப்ரொபேஷன் என்ற வார்த்தையைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு மூக்கு விடைக்கும். ஆனாலும் உள்ளுக்குள் பயம் இருந்தது. இத்தனை நாள் பால் பாட்டிலும் டயப்பருமாக இருந்த தலையில் பழைய சரக்கு மிச்சம் இருக்குமா என்று எனக்கே தெரியவில்லை.

எனக்குக் கொடுத்த வேலை ஒரு லைப்ரரிக் கோப்பை மாற்றுவது. நாம் எழுதும் நிரலை எந்திரம் அப்படியே படிக்காது. பொடிப்பொடியாக உடைத்து எண்களாக்கி வைத்துக்கொள்ளும். அதற்குப் பைட்கோடு என்று பெயர். ஓர் எண்ணுக்கு 'இதை எடு' என்று பொருள், இன்னொன்றுக்கு 'மேலே வை', வேறொன்றுக்கு 'இரண்டையும் கூட்டு'. எந்த எண்ணுக்கு எது பொருள் என்று தெரிந்த கோப்புதான் இது. ஒவ்வொரு நிரலும் தனித்தனியாக ஒன்றை வைத்துக்கொள்ளாமல், பொது இடத்தில் இருக்கும் ஒன்றையே எல்லாம் பயன்படுத்திக்கொள்ளும். எங்கள் கரமனைத் தெருவில் கல்யாணத்துக்கு வீட்டுக்கு வீடு பெரிய சமையல் உருளி வாங்காமல், சமூக மடத்து உருளியையே எல்லாரும் எடுத்துவருகிற மாதிரி.

இப்போது புதிதாகச் சில கட்டளைகள் வந்திருந்தன. பழைய கோப்புக்கு அவற்றின் பொருள் தெரியாது. அதை எடுத்துவிட்டுப் புதியதை வைக்க வேண்டும், அதைக் கூப்பிடும் இடங்களையும் சரிசெய்ய வேண்டும். முதலில் என் சொந்தப் பகுதியில் சோதனை தேற வேண்டும், பிறகுதான் மற்றவர்களுக்குக் கொடுக்கலாம் என்பது எங்கள் டீமில் வழக்கம்.

தேறவில்லை. ஓட்டிய உடனே 'தெரியாத கட்டளை' என்று நின்றுவிட்டது. என் வரிகளைத் திரும்பப் படித்தேன். திருத்தினேன். திருத்தியதை அழித்துவிட்டு முதலிலிருந்து எழுதினேன். மறுபடியும் தெரியாத கட்டளை. ஒரு வாரம் இப்படியே போயிற்று. டீம் லீடாக இருக்கும் பெண்மணி, நல்ல மனுஷி, வெள்ளிக்கிழமை ரிவ்யூ முடிந்ததும் என்னை நிரந்தரமாக்குவதா வேண்டாமா என்று முடிவெடுக்கப் போவதாகச் சொல்லிவிட்டுப் போனாள். பக்கத்து நாற்காலிப் பெண் ஹெட்போனில் பாட்டுக் கேட்டுக்கொண்டே தன் வேலையை முடித்துவிட்டு டீ குடிக்கப் போனாள். நான் மறுபடியும் முதல் வரியிலிருந்து படிக்கத் தொடங்கினேன்.

புதன்கிழமை சாயங்காலம் வீட்டில் தோசை வார்த்துக்கொண்டிருந்தபோது அழுகை வந்துவிட்டது. அவர் பார்த்துவிட்டார்.

"நான் கொஞ்சம் பாக்கட்டுமா?" என்றார்.

"வேண்டாம். நீங்க பாத்துச் சரியாயிடுத்துன்னா அது உங்க வேலை. நாளைக்கு நான் என்ன பண்ணுவேன்?"

கரண்டியை என் கையிலிருந்து வாங்கி மிச்சத் தோசையை அவரே வார்த்தார். அவற்றில் ஒன்றுகூட வட்டமாக வரவில்லை.

மறுநாள் பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்திருக்கையில் சட்டென்று ஒன்று தோன்றியது. நிரல் ஒரு லைப்ரரியைத் தேடும்போது வரிசையாக ஒவ்வொரு இடமாகப் பார்க்கும். அந்தப் பெயரில் முதலில் எது கிடைக்கிறதோ அதை எடுத்துக்கொண்டு போய்விடும். என்னுடைய நிரல் எதை எடுக்கிறது? முந்தைய நானாக இருந்தால் முதல் நாளே இதைத்தான் கேட்டிருப்பேன். இப்போது ஒரு வாரமாக என்னையே சந்தேகப்பட்டுக்கொண்டு இருந்திருக்கிறேன். ஆபீஸ் போனதும் அதைப் பார்த்தேன். சோதனைக்காக என் பகுதிக்குள் இருக்கும் பொது இடத்தில் நான் வைத்த புதியதை அது தொடவே இல்லை. அதற்கு முன்னால், என் சொந்த ஃபோல்டரில், அதே பெயரில் பழைய கோப்பு ஒன்று சாவகாசமாக உட்கார்ந்திருந்தது. வைத்தவர் யார் என்று பார்த்தேன். என் கணவர் பெயர்.

அவர் சர்வர் டீமில் இருக்கிறார். நான் சேர்ந்தபோது என் பகுதியைத் தயார்செய்து கொடுத்ததும் அவர்தான். கேன்டீனில் டீயும் பழம்பொரியுமாக இருந்தவர் முன்னால் போய் நின்றேன். கோபம் வந்தால்தான் எனக்கு வாயில் 'ஏன்னா' வரும்.

"ஏன்னா, என் ஃபோல்டர்ல ஒரு பழைய லைப்ரரி இருக்கே, யாரு வெச்சா?"

கொஞ்சம் யோசித்தார். பழம்பொரியைத் தட்டில் வைத்துவிட்டார். "அய்யோ. நீ சேந்த அன்னிக்கு வெச்சேன். அப்போ பொதுவுல இருந்தது அடிக்கடி மக்கர் பண்ணிண்டிருந்தது. வந்த முதல் வாரமே உனக்கு எர்ரர் வந்து நீ சங்கடப்படக் கூடாதேன்னு... எதுக்கும் இருக்கட்டும்னு... அப்புறம் மறந்தே போச்சு."

"எங்கிட்ட சொல்லியிருக்கலாமே."

"சொன்னா வேண்டாம்பே."

அது உண்மை. அதனால் கோபம் இன்னும் ஏறியது.

"இந்த ஒரு வாரமா நான் எப்படி இருந்தேன்னு பாத்தேளோல்லியோ? மூளையே மழுங்கிப் போயிடுத்துன்னு நெனச்சேன். எனக்கு எர்ரர் வந்தா வரட்டும். நான் பாத்துக்கறேன். எனக்குத் தெரியாம எனக்கு முன்னாடி போய் நிக்காதேங்கோ. பக்கத்துல நின்னா மதி, அவ்வளவு போதும்."

அவர் கண் கலங்கிவிட்டது. "இப்பவே போய் டிலீட் பண்ணிடறேன்."

"அதையும் நானே பண்ணிப்பேன்" என்று சொல்லிவிட்டு வந்தேன். அழித்தேன். ஓட்டினேன். எல்லாச் சோதனையும் தேறியது. நான் எழுதிய முதல் வடிவத்தையும் எடுத்து ஓட்டிப் பார்த்தேன். அதுவும் தேறியது. நான் முதலிலேயே சரியாகத்தான் எழுதியிருக்கிறேன். பாத்ரூமுக்குப் போய் முகம் கழுவிக்கொண்டு வந்தேன்.

வெள்ளிக்கிழமை ரிவ்யூவுக்குச் சர்வர் டீம் சார்பில் வந்து உட்கார்ந்தவரும் அவர்தான். ஏன் ஒரு வாரம் தாமதம் என்று லீட் கேட்டாள். தேடும் வழியில் ஒரு பழைய பிரதி இருந்தது என்றேன், அதோடு நிறுத்திக்கொண்டேன். வீட்டுக்காரரைக் காட்டிக்கொடுக்க மனசு வரவில்லை.

"ஆரா அது வெச்சது?" லீட் மலையாளி, யார் வைத்தது என்று கேட்டாள்.

நான் மேசையைப் பார்த்தேன்.

"ஞானா வெச்சது. அவளோடு பறஞ்ஞில்ல" என்றார் அவர். வைத்தது நான்தான், அவளிடம் சொல்லவில்லை என்று அந்த அறையில் எல்லாருக்கும் கேட்கும்படி மலையாளத்தில் சொன்னார். கூட்டத்தில் வாயே திறக்காத மனுஷர். காதெல்லாம் சிவந்திருந்தது.

லீட் அவரை ஒரு பார்வை பார்த்துவிட்டு என் பக்கம் திரும்பி, எப்படிக் கண்டுபிடித்தாய் என்று கேட்டாள். சொன்னேன். சொல்லச் சொல்ல என் பழைய குரல் எனக்கே திரும்பக் கேட்டது. அவள் லேப்டாப்பை மூடிவிட்டு, திங்கட்கிழமையிலிருந்து நீ பெர்மனென்ட், பேப்பர் பின்னால் வரும் என்றாள். அவர் என்னைவிடப் பெரிதாகப் பெருமூச்சு விட்டார்.

திங்கட்கிழமை காலையில் கரமனை ஸ்டாப்பில் நல்ல மழை. என் குடை ஆபீஸ் டிராயரில் இருந்தது. பழக்கதோஷத்தில் அவர் பக்கம் பார்க்காமலே கையை நீட்டினேன். கையில் ஒன்றும் வரவில்லை. திரும்பிப் பார்த்தேன். ஒற்றைக் குடையை வைத்துக்கொண்டு அவர் திருதிருவென்று விழித்தார். தோள்பை மெலிந்து தொங்கியது. என் கைப்பையைத் திறந்து துழாவினேன். ஸ்பூன் இல்லை, மாத்திரை இல்லை, சாவி இல்லை.

"நீ சொன்னியேன்னு எல்லாத்தையும் எடுத்துட்டேன்" என்றார்.

"குடையும் லைப்ரரியும் ஒண்ணா?" என்றேன். சிரிப்பு வந்தது. அந்தப் பழைய ஸ்பூனுக்காக இப்படி ஏங்குவேன் என்று நான் நினைத்ததே இல்லை.

அவர் குடையை விரித்து என் தலைக்கு மேலே பிடித்தார். அவருடைய இடது தோள் முழுக்க வெளியே நனைந்துகொண்டிருந்தது. உள்ளே வாங்கோ என்று சட்டையைப் பிடித்து இழுத்தேன்.

"பக்கத்துல நின்னா மதின்னியே" என்றார்.