பன்னிரண்டாவது வாக்கியம்

அந்த வேல்ஸ் நாட்டு எழுத்தாளர் நியூசிலாந்துக்கு, எங்கள் ஒக்லாந்துக்கு வருகிறார் என்று நூலகத்திலிருந்து மின்னஞ்சல் வந்த நாளில் எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. உண்மையில் நான் துள்ளிக் குதித்திருக்க வேண்டும். அவருடைய மாயக்கதை நாவல் ஒன்றைத் தமிழில் கொண்டுவந்தவள் நான்தான். ஒக்லாந்தின் தெற்கே மனுரேவாவில் ஒரு களஞ்சியசாலை அலுவலகத்தில் எனக்கு வேலை. மதிய இடைவேளைகளில் காருக்குள் இருந்து, ஸ்டியரிங்கில் தாளை வைத்து, இரண்டு வருடமாக மொழிபெயர்த்த புத்தகம் அது.

என் பயமெல்லாம் ஒரேயொரு வாக்கியத்தைப் பற்றியது.

சிறுவர்களுக்கான கதைதான். மலையடிவாரத்து ஏரிக்கு அடியில் ஓர் ஊர் இருக்கிறது. அங்கே அடிக்கும் மணியோசையைக் கேட்டு ஒரு பையன் தண்ணீருக்குள் இறங்கிப் போகிறான். கடைசிப் பக்கத்தில் அவனுடைய தாய் மேசையில் அவன் தட்டை வைக்கிறாள், சூப்பைச் சூடாக்குகிறாள், அடுப்பங்கரையில் உட்காருகிறாள். அவ்வளவுதான். பையன் வருவதில்லை.

நான் அதோடு நிறுத்தவில்லை. 'வாசல் கதவு திறந்தது' என்று ஒரு வாக்கியத்தை என் பாட்டுக்குச் சேர்த்துவிட்டேன்.

அம்மாவுக்குக் கண் மங்கல். ஒவ்வொரு அத்தியாயமும் முடிய அவருக்கு வாசித்துக் காட்டுவேன். என் தம்பி இலங்கையில் போரின் கடைசி மாதங்களில், கடையடிக்குப் போய்விட்டு வருகிறேன் என்று சைக்கிளில் போனவன், திரும்பி வரவில்லை. இங்கே ஒக்லாந்தில் மவுண்ட் ரோஸ்கில்லுக்கு வந்து இத்தனை வருடமாகியும் அம்மா எங்கள் பின்கதவைப் பூட்ட விடமாட்டார். கள்ளனைச் சொல்லி, இன்சூரன்ஸைச் சொல்லி நான் கத்தாத நாளில்லை. அப்படிப்பட்டவர், தட்டும் சூப்பும் வாசித்து முடிந்ததும் என் முகத்தைப் பார்த்து, "பிறகு?" என்று கேட்டார். என் வாய் தானாக அந்த வாக்கியத்தைச் சொல்லிவிட்டது. அச்சுக்கு அனுப்பும்போதாவது எடுத்திருக்கலாம். எடுக்க மனம் வரவில்லை. அதன் பிறகு எத்தனையோ தடவை வாசிக்கச் சொல்லிக் கேட்டு, அந்தப் பக்கத்தை அம்மா மனப்பாடமே செய்துவிட்டார்.

எழுத்தாளரோ லேசுப்பட்ட பெண் இல்லை. கற்பலகை வெட்டும் ஊரில் பிறந்து, இருபது வருடம் பள்ளிக்கூடச் சமையலறையில் பாத்திரம் கழுவியவர். கை ஈரமாக இருக்கும்போது எழுத முடியாது. அதனால் வாக்கியங்களைத் தலைக்குள்ளேயே கட்டி, விரலால் எண்ணி வைத்துக்கொண்டு, வீட்டுக்குப் போய் எழுதுவாராம். பேர் வாங்கிய பிறகும் அந்தப் பழக்கம் போகவில்லை. எனக்கும் ஒரு கடிதம் அனுப்பியிருந்தார். கடைசிப் பக்கத்தை அவர் ஆங்கிலத்தில் வாசிப்பார், நான் தமிழில் வாசிக்க வேண்டும். 'அதில் பதினொரு வாக்கியம். உங்களுடையதிலும் பதினொன்றுதான் என்று நம்புகிறேன்' என்று முடித்திருந்தார்.

என்னுடையதில் பன்னிரண்டு. வாசித்தால் அவரிடம் பிடிபடுவேன். அவருடைய அடுத்த புத்தகத்தை இனி என்னிடம் தரமாட்டார். விட்டுவிட்டால், அம்மாவுக்கு முன்னால் தம்பியை இன்னொரு தடவை தொலைப்பேன்.

அம்மாவை வீட்டிலேயே நிறுத்தப் பார்த்தேன்.

"மழையாக் கிடக்கு. நீங்கள் இருங்கோ அம்மா."

"நல்லாயிருக்கு. நாலு நாளா சீலை எடுத்து வைச்சிருக்கிறன்."

சனிக்கிழமை பின்னேரம் நூலகத்தில் அம்மா முதல் வரிசையில் உட்கார்ந்தார். எழுத்தாளர் நான் நினைத்ததைவிடக் குள்ளம். வெடித்த கைகள். நான் வாசிக்கத் தொடங்கியதும் அவருடைய சுட்டுவிரல் மேசையில் தட்டத் தொடங்கியது. தமிழ் ஒரு சொல்லும் தெரியாது, ஆனால் நான் மூச்சு விடும் இடத்தைப் பிடித்துக்கொண்டார். ஏழு, எட்டு, ஒன்பது. என் குரல் எனக்கே கேட்கவில்லை. பதினொன்றில் விரல் மடங்கியது. நான் புத்தகத்தை மூடிவிட்டேன். கோழைதான். அம்மாவைவிட அந்த விரலுக்குத்தான் பயந்தேன்.

"வாசல் கதவு திறந்தது," என்றார் அம்மா.

பாடம் மறந்த பிள்ளைக்கு எடுத்துக்கொடுப்பதுபோல, சபை முழுதும் கேட்கச் சொன்னார். எழுத்தாளர் என்னைத் திரும்பிப் பார்த்து, அந்த அம்மா என்ன சொன்னார் என்று கேட்டார். பொய் சொல்ல எனக்குத் தெம்பு இல்லை. அது என் அம்மா என்றும், அவருக்காக அந்த வாக்கியத்தை நான்தான் சேர்த்தேன் என்றும் சொன்னேன். கேட்டுவிட்டு அம்மாவையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"யாருக்காகக் காத்திருக்கிறார்?"

"என் தம்பிக்காக."

"அந்த வாக்கியம் என்னுடையது இல்லை. அடுத்த பதிப்பில் எடுத்துவிடுங்கள்," என்றார். குரலில் கோபம் இல்லை, விட்டுக்கொடுப்பதும் இல்லை. அடுத்த புத்தகத்தைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. பிறகு எழுந்து போய், அம்மாவின் மடியிலிருந்த பிரதியை வாங்கிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். அந்த வாக்கியம் உள்ள பிரதிதான் அது.

காரில் ஏறியதும் அம்மா கேட்டார்.

"ஏன் பிள்ளை அதை விட்டனி?"

"அது அவ எழுதினதில்லை அம்மா. நான் சேர்த்தது."

"அப்ப அவவின்ரை கதையிலை பெடியன் வாறேல்லையோ?"

"இல்லை."

டொமினியன் ரோட் சிக்னலில் சிவப்பு விழுந்தது. அழுகிறாரோ என்று பார்க்கவும் எனக்குப் பயமாக இருந்தது. கண்ணாடியில் மழை வழிந்துகொண்டிருந்தது.

"கதவைப் பூட்டினதெண்டு எழுதியிருக்கிறாவே?"

பதினொரு வாக்கியங்களையும் மனதுக்குள் ஒவ்வொன்றாக ஓட்டிப் பார்த்தேன். தட்டு இருந்தது, சூப் இருந்தது, அடுப்பு இருந்தது.

"இல்லையம்மா. அப்பிடி எழுதேல்லை."

"பிறகென்ன," என்றார் அம்மா.

மழைக்கு ஓடி, வீட்டின் பின்பக்கத்தால் உள்ளே போனோம். கதவு பூட்டாமல்தான் கிடந்தது. அன்றைக்கு நான் கத்தவில்லை.