அங்கமுத்துவின் பொய், சுசீலாவின் வாய்

பொய் சொல்வதற்குச் சம்பளம் வாங்குகிறாய் என்று சுசீலாவை அவர் கணவர் கிண்டல் செய்வார். அதில் பாதி உண்மை. சிங்கப்பூர் ஆங் மோ கியோவில் ஒரு மருத்துவ நிலையத்தில் சுசீலா பதினோரு வருடமாக மொழிபெயர்ப்பாளர். ஆங்கிலம் வராத தமிழர்கள் சொல்வதை டாக்டருக்கு அப்படியே ஆங்கிலத்தில் சொல்ல வேண்டும். கூட்டவும் கூடாது, குறைக்கவும் கூடாது. அவர்கள் அள்ளிவிட்டால் இவரும் அள்ளிவிட வேண்டியதுதான்.

போன மாதம் அங்கமுத்து வந்தார். செம்பவாங் கப்பல் பட்டறையில் உழைத்து ஓய்வு பெற்றவர், சுசீலாவின் அடுக்குமாடி புளோக்கிலேயே குடியிருப்பவர். ரத்தத்தில் சர்க்கரை எக்கச்சக்கமாக ஏறியிருந்தது. இனிப்பு சாப்பிடுகிறாரா என்று டாக்டர் கேட்டார்.

"சீனியா? தொடுறதே இல்லம்மா!" என்று அடித்துச் சொன்னார் அங்கமுத்து.

தினமும் காலையில் கீழே காப்பிக்கடையில், இனிப்பு டின்பால் ஊற்றி ஆற்றிய தே தாரிக் டீயும் கையுமாக அவர் உட்கார்ந்திருப்பதைப் பார்த்துக்கொண்டுதான் சுசீலா பேருந்துக்குப் போகிறார். அன்றும் பார்த்திருந்தார். ஆனால் தான் பார்த்ததைச் சொல்ல இந்த வேலையில் இடமில்லை. மென்று விழுங்கி, அவர் சொன்னதையே சொன்னார்.

டாக்டர் நம்பிவிட்டார். அப்படியென்றால் மாத்திரை வேலை செய்யவில்லை, இன்சுலின் ஊசி தொடங்கிவிடலாம் என்றார்.

சுசீலாவுக்குப் பகீரென்றது. தன் வாயால் சொன்ன பொய்க்காக இந்த மனிதர் தினமும் ஊசி குத்திக்கொள்ளப் போகிறாரே! டாக்டரிடம் ஒரு நிமிடம் கேட்டுக்கொண்டு அங்கமுத்துவிடம் திரும்பினார்.

"அண்ணே, ஊசி போடணுங்கிறாங்க. எல்லாம் நீங்க சொன்னதை நம்பித்தான். நீங்க தமிழ்ல சொல்லிட்டுப் போயிடுறீங்க. டாக்டர் முகத்தைப் பார்த்துச் சொல்றது நான்தானே? எனக்கு வாய் கூசுதுண்ணே."

அங்கமுத்துவின் முகம் சுண்டிப்போனது. டாக்டரை ஏமாற்றுவதில் அவருக்கு வருத்தமே இல்லை. பெற்ற பிள்ளைகளையே ஏமாற்றுகிறவர். ஆனால் தெரிந்த வீட்டுப் பெண்ணைப் பொய் சொல்ல வைத்துவிட்டோமே என்பதை அவரால் தாங்க முடியவில்லை.

"தே தாரிக் ஒரு நாளைக்கு மூணு. சொல்லிடும்மா. வெள்ளிக்கிழமை தேக்கா மார்க்கெட்ல ஜிலேபி, நாலு. அப்புறம் பேத்தியோட ஐஸ்கிரீம்..."

சுசீலாவுக்கே தெரியாத இனிப்பெல்லாம் வெளியே வந்தது. ஒன்றுவிடாமல், உற்சாகமாக மொழிபெயர்த்தார். இவ்வளவு நிம்மதியாக அவர் வேலை பார்த்து வெகு நாளாகியிருந்தது. டாக்டர் ஊசியைத் தள்ளிவைத்தார். ஒரு மாதம் இனிப்பை நிறுத்திப் பார்க்கலாம் என்றார்.

அங்கமுத்து எழுந்தார். சுசீலாவின் பக்கம் குனிந்து மெல்லச் சொன்னார்: "ஞாயித்துக்கிழமை மட்டும் ஒண்ணு குடிச்சுக்கிறேம்மா. டாக்டருக்குத் தெரிய வேணாம் லா."

சுசீலா டாக்டரிடம் திரும்பி, அதையும் ஆங்கிலத்தில் சொன்னார்.