பிரிக்பீல்ட்ஸில் கண்ட கொலைகாரி

காலை ஏழரைக்குக் கிள்ளானில் ரயில் ஏறினேன். கோலாலம்பூருக்கு அறுபது காசு, இருபது மைல்போல. அதற்குள் சீட்டு இருக்கிறதா என்று நாலு முறை பையைத் தடவினேன்.

கிள்ளான் கொட்டகையில் ஊமைப் படம் ஓடும்போது, திரையோரம் இருட்டில் நின்று தமிழில் கதை சொல்வது என் வேலை. திரையில் வரும் இங்கிலீஷ் எழுத்து எனக்கு வாசிக்க வராது. பள்ளிக்கூடம் இரண்டாம் வகுப்போடு சரி. முகத்தையும் கையையும் பார்த்தே சொல்லிவிடுவேன். வரும் சனிக்கிழமை மணிலா நடிகை லூசியா எங்கள் மேடையில் பாடுகிறாள், பிறகு அவளுடைய புதுப் படம். கதையை அவளிடமே கேட்டு வரும்படி முதலாளி அனுப்பினார்.

ஒன்பதுக்கு ஸ்டேஷனில் மாணிக்கம் அண்ணன் நின்றார். பிரிக்பீல்ட்ஸில் அவர் வீட்டு வரிசையில்தான் மணிலா வாத்தியக்காரர்கள் குடியிருக்கிறார்கள்; லூசியாவும் அவர்களோடு தங்கியிருந்தாள்.

"என்னடா, மூஞ்சி வெளுத்துக் கெடக்கு?"

"கதை மறந்துடுமோன்னு இருக்கு அண்ணே."

"இன்னும் கேக்கவே இல்ல லா. அதுக்குள்ள மறந்துட்டியா?"

அண்ணன் என்னை அவர்கள் வீட்டுப் பின்கட்டுக்கு அழைத்துப் போனார். அங்கே ஒரு சின்ன உருவம் மீன் செதில் உரித்துக்கொண்டிருந்தது. அவள்தான். திரையில் பனையளவு தெரிந்தவள் என் தோள் உயரம்கூட இல்லை. கடைத்தெருவில் புழங்கும் பாசார் மலாயில் பேசினாள்; எனக்கும் அது வரும். பதினாலு வயதில் நடிக்க வந்தவளாம். இப்போது பேசும் படம் வந்துவிட்டதால், பாடத் தெரிந்தவர்களுக்குத்தான் மணிலாவில் வேலையாம். அதற்காகவே ஊர் ஊராகப் பாடிப் பழகுகிறாள். புதுப் படத்தின் கதையை நிதானமாகச் சொன்னாள். பிறகு கேட்டாள்:

"போன மாசம் உங்க ஊர்ல என் படம் ஓடிச்சாமே. புருஷனுக்கு மருந்து கொடுக்கிற இடத்துல ஜனங்க அழுதாங்களா?"

மூன்று நாள், ஆறு ஆட்டம், அதை நான் விஷம் என்றல்லவா சொன்னேன்? அவன் குடித்ததும் கண்ணை மூடினான்; அவள் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டாள். பெண்கள் பக்கத்திலிருந்து செருப்பு பறந்து வந்து திரையில் விழுந்தது. கொலைகாரி நேரில் வரட்டும் என்று பாசாரில் இன்றைக்கும் பேச்சு.

செருப்புக் கதையை முன்பே கேட்டிருந்த மாணிக்கம் அண்ணன் என் காதருகே, "இப்பவே சொல்லிடு. சனிக்கிழமை செருப்பு வந்து சொல்ல வேணாம்" என்றார்.

சொன்னேன். அவள் கத்தியைக் கீழே வைத்தாள். தகரக் குவளையை எடுத்து, செதில் ஒட்டிய விரலோடு அந்தக் காட்சியை அங்கேயே நடித்தாள். குவளையை நீட்டினாள், காத்திருந்தாள், சுவர்ப்பக்கம் திரும்பினாள். இந்த முறை நான் பக்கத்தில் இருந்தேன். தோள் குலுங்கியது தெரிந்தது.

"பொழச்சுட்டான். நான் அழுறதை அவன் பாக்கக்கூடாது" என்றாள். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, "சனிக்கிழமை எனக்கு முன்னால நீ மேடை ஏறு. விளக்கு எரியட்டும்."

நாலு மணி ரயிலில் திரும்பினேன். கிள்ளானில் என் குரலைத்தான் தெரியும், முகத்தை யாரும் பார்த்ததில்லை. வழியில் பத்து தீகா ஸ்டேஷனைத் தாண்டி ரப்பர் மரங்கள் பின்னால் ஓடும்போது, "அக்காமாரே, அது விஷமில்லை. அவ கொலை பண்ணல. நாந்தான்..." என்று வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தேன்.

எதிரே இருந்த அம்மாள் தன் சோற்றுத் தூக்கை மடிக்கு இழுத்துக்கொண்டாள்.