சாலமோன் அண்ணனின் ஜெபம்

போன வாரம் புது பனியன் ஒன்றைப் பிரித்தேன். பாலிதீன் உறைக்குள் அடைபட்டிருந்த இஸ்திரி வாசனை, இரண்டாயிரங்களின் தொடக்கத்தில் திருப்பூரில் நான் பேக்கிங் பிரிவில் இருந்த கம்பெனிக்கே என்னை இழுத்துக்கொண்டு போய்விட்டது.

அங்கே அயர்ன் மேஜையில் நின்றவர் சாலமோன் அண்ணன், தூத்துக்குடிப் பக்கத்துக்காரர். மதியம் டிபன் பாக்ஸைத் திறக்கும் முன் கண்மூடி ஜெபிப்பார். சுற்றியிருக்கும் நாங்கள், நெற்றியில் திருநீறு பூசியவர்கள் உட்பட, ஆமென் சொல்லிவிட்டுத்தான் சோற்றில் கை வைப்போம். சாமி நம்பிக்கை இல்லாத நானும் சொல்வேன். பசி அப்படி.

ஒருநாள் பழைய பேப்பர் கடையிலிருந்து அட்டை கிழிந்த புத்தகம் ஒன்றை வாங்கி வந்தார். இருத்தலியல் தத்துவத்தைப் புதியவர்களுக்கு விளக்கும் நூல். மனிதன் தன் தேர்வுகளால் தன்னைத்தானே ஆக்கிக்கொள்கிறான் என்றது. விசுவாசம் அப்பன் கொடுத்துவிட்டுப் போகும் சொத்தல்ல, ஒவ்வொருவரும் தனியாக, எந்த உத்தரவாதமும் இல்லாமல் எடுக்க வேண்டிய முடிவு என்றது. டீ நேரத்தில் மாறி மாறிப் படித்தோம். எனக்குத் தாடி வளர்க்கத் தோன்றியதோடு சரி. அதுவும் வளரவில்லை.

அண்ணன்தான் ஆடிப்போனார். "நான் எப்பம்டே இத முடிவு பண்ணுனேன்? எங்கப்பா பண்ணுனாரு. நான் சொல்லிக்கிட்டுத் திரியுதேன்" என்றார். மதிய ஜெபம் நின்றது.

அந்தச் சமயத்தில்தான் செக்கிங்கில் இருந்த சேவூர் மரகதம் அக்காவின் வீட்டுக்காரரை ஆபரேஷனுக்குக் கொண்டுபோனார்கள். அக்கா அயர்ன் மேஜை முன்னால் வந்து நின்றார்.

"அண்ணா, ஒரு ஜெபம் பண்ணுங்க."

"எனக்கு இப்பம் நம்பிக்கை இல்லம்மா."

"உங்களுக்கு இல்லாட்டிப் போகுதுங்கண்ணா. எனக்கு இருக்குதுங்க."

அயர்ன் பாக்ஸை நிமிர்த்தி வைத்துவிட்டு ஜெபித்தார். அத்தனை உருக்கமாக அவர் ஜெபித்து நான் கேட்டதேயில்லை. அக்காவின் வீட்டுக்காரர் பிழைத்துக்கொண்டார்.

அதன்பின் பக்கத்துக் கம்பெனிகளிலிருந்தெல்லாம் ஜெபம் கேட்டு வந்தார்கள். யாரையும் அவரால் திருப்பி அனுப்ப முடியவில்லை. என்னிடம் மட்டும், "சத்தம் என் சத்தந்தான். உள்ள நான் இல்லடே. அப்பம் ஜெபிக்கது யாரு?" என்று கேட்டார். புத்தகத்தில் தேடினோம். கிடைக்கவில்லை. மறுவாரம் அவர் வேலைக்கு வரவில்லை. அவர் தங்கியிருந்த வாடகை அறை காலியாக இருந்தது. சொந்த ஊருக்கும் போய்ச் சேரவில்லையாம். அந்தக் கேள்வியை நினைத்தால் எனக்கு இன்றும் பயமாக இருக்கிறது.

இப்போது கம்பெனி இருந்த இடத்தில் கல்யாண மண்டபம். ஒன்றாக உட்கார்ந்து ஆமென் சொன்னவர்கள் திசைக்கொருவராய்ப் போய்விட்டோம். மரகதம் அக்காவை மட்டும் அண்மையில் அவிநாசி பஸ்ஸில் பார்த்தேன். வீட்டுக்காரர் நன்றாக இருக்கிறாராம். இறங்கும்போது சொன்னார்:

"அத்தன பேருக்கும் அந்தண்ணன் ஜெபம் பண்ணுனாரு. அவருக்குன்னு நாம ஆருமே பண்ணலயே கண்ணு."